தலைமறைவு இயக்கத்தில் அறுபது நிமிடம், ஒற்றுப் பிழைகளுடன்

பேத்தி ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை காப்பி டம்ளரை என் முன் வைத்துவிட்டு, "தாத்தா, உங்களை ஓர் அறையில் போட்டுப் பூட்டப் போகிறோம். வருகிறீர்களா?" என்று கேட்டாள். வீட்டில் இப்போது மட்டும் என்ன செய்துகொண்டிருக்கிறேன் என்று சொல்ல வாயெடுத்தேன். அவள் சொன்னது எஸ்கேப் ரூம். நான்கைந்து பேரை உள்ளே விட்டுக் கதவைச் சாத்திவிடுவார்கள். ஒளித்து வைத்திருக்கும் குறிப்புகளைத் தேடிப் பிடித்து, பூட்டுகளை ஒவ்வொன்றாகத் திறந்து, ஒரு மணி நேரத்துக்குள் வெளியே வர வேண்டும். இதற்குத் தலைக்கு 850 ரூபாய். அடைபடுவதற்குக் காசு கொடுக்கும் காலமும் வந்துவிட்டதே என்று அலுத்துக்கொண்டேன். "கதையைக் கேளுங்கள் தாத்தா. சிந்தனைச் சுதந்திரத்துக்காகப் போராடும் தலைமறைவு இயக்கம். அவர்களுடைய ரகசிய அச்சகத்தில்தான் விளையாட்டே நடக்கிறது" என்றாள். அச்சகம் என்றதும் எழுந்து சட்டையை மாற்றிக்கொண்டேன்.

நான் யார் என்று சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் பின்னால் வரும் புலம்பல் புரியாது. 1974இல் பதினேழு வயதில் ராயப்பேட்டையில் ஓர் அச்சகத்தில் கம்பாசிட்டர் வேலை பழகச் சேர்ந்தேன். ஈய எழுத்துகள் இருந்தவரை அச்சுக் கோத்தேன். கணினி வந்து, எழுத்துகளைப் பிரித்து வைக்கும் பெட்டிகளான கேஸ்களை எல்லாம் எடைக்குப் போட்ட பிறகு புரூஃப் பார்க்கும் வேலைக்கு மாறினேன். இரண்டும் சேர்த்து நாற்பத்து மூன்று ஆண்டு. இன்றைக்கும் கல்யாணப் பத்திரிகை கையில் வந்தால் மாப்பிள்ளை பெயரைப் பார்ப்பதற்கு முன் பிழையைத்தான் பார்ப்பேன்.

இடம் தியாகராய நகரில் ஒரு கிளைத் தெரு. மூன்றாவது மாடி. லிஃப்ட் இருக்கிறது, ஆனால் அன்று ஓடவில்லை. தொலைபேசியில் இடம் பதிவு செய்தபோது இதைச் சொல்லியிருக்கலாம். மூச்சு வாங்க மேலே போய்ச் சேர்ந்தால், வரவேற்பில் இருந்த இளைஞர் நாற்காலியை இழுத்துப் போட்டு, கேட்காமலே தண்ணீர் கொடுத்தார். லிஃப்ட் கோபம் பாதி அங்கேயே போய்விட்டது. கைபேசிகளை ஒரு பெட்டகத்தில் வாங்கி வைத்துக்கொண்டு, ஒரு தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, எல்லோருக்கும் மணிக்கட்டில் ஒரு ரப்பர் முத்திரை குத்தினார். பார்த்தால், ஒரு காற்புள்ளி.

ஏன் காற்புள்ளி என்பதில்தான் கதை இருக்கிறது. அது பெயரில்லாத ஒரு நகரம். அங்கே குடிமக்கள் ஒவ்வொருவரும் அன்றன்றைக்குத் தோன்றிய எண்ணங்களை மாலையில் ஒரு பேரேட்டில் எழுதி, வார்டு அலுவலகத்தில் சீல் வாங்க வேண்டும். எழுதும் வாக்கியம் முற்றுப்புள்ளியில்தான் முடிய வேண்டும். காற்புள்ளி வைப்பது குற்றம், ஏனென்றால் காற்புள்ளி போட்டவனிடம் இன்னும் சொல்வதற்கு ஏதோ இருக்கிறது. அதனால் தடையை எதிர்த்துக் கிளம்பிய ரகசியக் கூட்டத்தார் காற்புள்ளியையே அடையாளமாக வைத்துக்கொண்டார்கள். இந்தக் கற்பனைக்கு நான் தயங்காமல் முழு மதிப்பெண் போடுவேன். (ஏட்டுச் சுவடியில் காற்புள்ளியும் கிடையாது, முற்றுப்புள்ளியும் கிடையாது. நம் பழைய புலவர்கள் அந்த நகரத்தில் பயமில்லாமல் குடியிருந்திருக்கலாம்.)

உள்ளே போவதற்கு முன் ஆளுக்கு ஓர் உறை. என் உறையில் "உன் பெயர் திரி. உனக்குத் தாள் தருபவர் ஊசி. நீ தாளைத் தர வேண்டியவர் குடை. மற்றவர்கள் யாரென்று கேட்காதே" என்று எழுதியிருந்தது. பேத்தியும் அவளுடைய தோழிகள் இருவரும் நானும் ஆக நான்கு பேர். யார் ஊசி, யார் குடை என்பதை வாயால் கேட்கக் கூடாது. நடந்துகொள்ளும் விதத்தை வைத்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். தவறான ஆளிடம் தாளைக் கொடுத்துவிட்டால் ஐந்து நிமிடம் கழிந்துவிடும்.

இதை யோசித்தவர் யாரோ, விஷயம் தெரிந்தவர். சோவியத் ஒன்றியத்தில் 1968இல் தொடங்கி ஏறத்தாழ பதினைந்து ஆண்டுகள் ரகசியமாக வெளிவந்த ஒரு செய்தி ஏடு உண்டு. தமிழில் சொன்னால் 'நடப்புச் செய்திக் குறிப்பேடு'. கைதுகள், வழக்குகள், வீட்டுச் சோதனைகள் பற்றிய வறண்ட தகவல்கள்தான் அதில் இருக்கும். முதல் ஆசிரியர் நடால்யா கொர்பனேவ்ஸ்காயா என்ற கவிஞர், தட்டச்சு இயந்திரத்தில் கார்பன் தாள் வைத்துத் தானே அடித்தார். பிரதி வாங்கியவர் மீண்டும் கார்பன் வைத்து அடித்து அடுத்தவருக்குக் கொடுப்பார். அந்த ஏட்டுக்குச் செய்தி கொடுக்க விரும்புகிறவர்களுக்கு அதிலேயே ஓர் அறிவுரை வந்தது: உனக்குப் பிரதி கொடுத்தவரிடம் தகவலைச் சொல், அவர் தனக்குக் கொடுத்தவரிடம் சொல்வார்; சங்கிலி முழுவதையும் நீயே தேடிக்கொண்டு போகாதே, உன்னை உளவாளி என்று நினைத்துவிடுவார்கள். ஊசி, திரி, குடை எல்லாம் அதேதான். எங்களில் ஊசி யாரென்று கண்டுபிடிக்க எனக்குப் பன்னிரண்டு நிமிடம் ஆயிற்று. அது என் பேத்தி. வீட்டில் வாய் ஓயாத பெண், அங்கே எனக்குத் தெரியாத யாரோ போல் சுவரில் சாய்ந்துகொண்டு நின்றாள். அந்தப் பன்னிரண்டு நிமிடத்துக்கே 850 ரூபாய் தகும்.

முதல் அறை குடை பழுது பார்க்கும் கடை. சுமார்தான். குடைக் கம்பிகளை எண்ணி ஓர் எண் பூட்டைத் திறக்க வேண்டும். சின்னப் பிள்ளைகள் கூடச் செய்துவிடுவார்கள்.

பின்பக்க அலமாரி நகர்ந்து, அச்சகம் தெரிந்தது. மங்கலான மஞ்சள் விளக்கு. சாய்வு மேசைமேல் எழுத்துக் கேஸ்கள். மூலையில் கறுப்பாக, கையால் சுற்றிப் பிரதி எடுக்கும் சைக்ளோஸ்டைல் இயந்திரம், நிஜ இயந்திரம். சுவரில் இயக்கத்தின் சுவரொட்டிகள் நான்கு. என் கால் நேராகக் கேஸ் பக்கம் போனது, கண் மட்டும் பழைய வழக்கத்தில் சுவரொட்டிக்குப் போய்விட்டது.

முதல் சுவரொட்டி: "சிந்தனை சுதந்திரம் எங்கள் மூச்சு." ச் இல்லை. அடுத்தது: "காகித தட்டுப்பாடு பொய்!" த் இல்லை. மூன்றாவது: "எங்கள் அச்சு கூடம் எங்கும் இருக்கும்." க் இல்லை. நான்காவது: "தலைமறைவு பத்திரிகை, விலை: துணிச்சல்." ப் இல்லை. எனக்குக் கை நடுங்கியது. நான்கு சுவரொட்டி, நான்கு எழுத்து, ஒன்றுகூடத் திரும்ப வரவில்லை. இது தற்செயலாக இருக்குமா? பேத்தியைக் கூப்பிட்டு, "எழுதிக்கொள். ச், த், க், ப்" என்றேன். மாற்றி மாற்றி அடுக்கினோம். சுவரில் சொல் பூட்டு ஒன்று இருந்தது, நான்கு சக்கரம். ஆனால் அதில் மெய்யெழுத்தே இல்லை. சரி, உயிர்மெய்யாக்கிப் பார்ப்போம் என்று க, ச, த, ப என்று வைத்தோம். திறக்கவில்லை. ஏதாவது பொருளின் பெயரா, ஊரின் பெயரா என்று ஒரு தோழி கேட்டாள். ஆறு நிமிடம் இப்படிப் போனது. கடைசியில் கூரையில் இருந்த ஒலிபெருக்கியில் அந்த இளைஞரின் குரல் தயங்கித் தயங்கி வந்தது: "ஐயா, மன்னிக்க வேண்டும். சுவரொட்டியில் குறிப்பு எதுவும் இல்லை. அது பிழைதான் போலிருக்கிறது."

சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். வலி மிகும் இடத்தில் க், ச், த், ப் தவிர வேறு எந்த எழுத்து ஐயா மிகும்? தமிழில் யார் ஒற்றை விட்டாலும் இந்த நான்கில் ஒன்றைத்தான் விட முடியும். இத்தனை ஆண்டாகப் புரூஃபில் இந்த நான்கையும் செருகிச் செருகியே கை தேய்ந்தவன், அதைச் சங்கேதம் என்று நம்பிவிட்டேன்.

நம்பியதற்கும் காரணம் உண்டு. நான் தொழில் பழகிய காலம் அப்படி. 1975 ஜூன் 25 இரவு நெருக்கடி நிலை வந்தது, அடுத்து பத்திரிகைத் தணிக்கை வந்தது. ஜூன் 28 அன்று இந்தியன் எக்ஸ்பிரஸ் தலையங்கம் இருக்க வேண்டிய இடத்தை வெறுமையாக விட்டு வெளியிட்டது. அந்த நாள்களில்தான் டைம்ஸ் ஆஃப் இந்தியாவின் வரி விளம்பரப் பகுதியில் ஒரு மரண அறிவிப்பு வந்தது. 'டெமாக்ரசி' என்ற சொல்லையே உடைத்து ஆள் பெயராக்கி, உண்மையின் அன்புக் கணவர், சுதந்திரத்தின் தந்தை, ஜூன் 26 அன்று காலமானார் என்று யாரோ காசு கட்டிப் போட்டிருந்தார்கள். 1976 ஜனவரி 31இல் தமிழ்நாட்டில் தி.மு.க. ஆட்சி கலைந்தது. விசாரணையின்றிச் சிறையில் வைக்கும் மிசா சட்டத்தில் பிடித்துப் போனவர்களின் பெயர்களைப் பத்திரிகையில் போட முடியாது. மூன்று நாள் கழித்து, பிப்ரவரி 3, அண்ணா நினைவு நாள். அன்றைய முரசொலியில், அண்ணா நினைவிடத்துக்கு மலர்வளையம் வைக்க வர இயலாதவர்கள் என்று ஒரு பட்டியல் வந்தது. தணிக்கை செய்பவருக்கு அது அஞ்சலி. வீட்டில் ஆளைக் காணாமல் தவித்தவர்களுக்கு அது சிறைக் கணக்கு. எங்கள் அச்சகத்துக்கு எதிரே இருந்த டீக்கடையில் ஒருவர் அந்தப் பட்டியலைப் பெயர் பெயராகச் சத்தம் போட்டுப் படித்தார். கடைக்காரர் டீ ஆற்றுவதை நிறுத்திவிட்டுக் கேட்டது இன்றும் கண்ணில் இருக்கிறது. அந்த வயதில் இதைப் பார்த்தவனுக்கு, தாளில் எது இல்லை என்று பார்ப்பதுதான் படிப்பது. அது ஒற்றெழுத்தாகவே இருந்தாலும்.

அடுத்து என் துறை. மேசையில் கம்போசிங் ஸ்டிக் ஒன்று. கேஸிலிருந்து எழுத்துகளை எடுத்து அதில் கோத்தால் கதவு திறக்கும். விடை என்ன என்பது எளிது: காற்புள்ளி. க, கால், ற், பு, ள், ளி என்று ஆறு அச்சு. பெண்கள் மூவரும் வழி விட்டார்கள். ஸ்டிக்கை இடக்கையில் பிடித்தேன். கட்டைவிரல் தானாகப் போய் எழுத்து நகராமல் நின்றுகொண்டது. முப்பது வருடத்துக்கு மேல் ஆகியும் விரலுக்கு மறக்கவில்லை. இடமிருந்து வலமாக, எழுத்துகளைத் தலைகீழாக ஒவ்வொன்றாக இறக்கினேன். அப்படித்தான் கோப்பார்கள், அப்படியே படிக்கவும் பழகிவிடுவோம். கோத்து முடித்தேன். சிவப்பு விளக்கு. எடுத்து மீண்டும் கோத்தேன். சிவப்பு. சொல் தவறோ என்று ஒரு தோழி வேறு சொற்களைத் தேடத் தொடங்கினாள்.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஓர் எழுத்தை விளக்கருகே கொண்டுபோய்ப் பார்த்தேன். பிளாஸ்டிக், ஈய நிறம் பூசியிருக்கிறது. எடையே இல்லை, வேர்க்கடலைத் தோல் போல. அது போகட்டும். எழுத்து நேராக இருக்கிறது! அச்செழுத்து கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடம் வலம் மாறித்தான் இருக்கும். அப்போதுதான் தாளில் நேராக விழும். இவர்கள் செய்து வைத்திருப்பதை மை தடவி அச்சடித்தால் துண்டறிக்கையைக் கண்ணாடி முன் பிடித்துத்தான் படிக்க வேண்டும். பேத்தி என் கையிலிருந்து ஸ்டிக்கை மெதுவாக வாங்கி, ஆறு எழுத்தையும் ஒவ்வொன்றாக நிமிர்த்தி வைத்தாள். பச்சை விளக்கு எரிந்தது. அப்போது அவள் என் முகத்தைப் பார்க்காமல் கதவைப் பார்த்தாள் பாருங்கள், வளர்ந்துவிட்டாள் என்று நினைத்துக்கொண்டேன்.

இன்னொரு குறை, இதை மற்றவர்கள் கவனிக்க மாட்டார்கள். அதே மேசையில் முன்பே கோத்து, கயிறு கட்டி முடித்த ஒரு முழுப் பக்கம் வைத்திருக்கிறார்கள், காவலர்கள் கண்டெடுத்த சாட்சியமாம். ரகசியமாக அச்சடிப்பவன் அதையா விட்டு வைப்பான்? அச்சானதும் எழுத்துகளைப் பிரித்துக் கேஸில் அந்தந்தக் கட்டத்தில் போட்டுவிட்டால் தீர்ந்தது. ஒரு மணி நேரத்துக்கு முன் ஆட்சியைத் திட்டிய அதே 'க' கல்யாணப் பத்திரிகைக்குப் போய்விடும். ஈய எழுத்தின் பெருமையே அதுதான், நேற்று என்ன சொன்னது என்று அதைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. தட்டச்சு இயந்திரம் அப்படி அல்ல. ஒவ்வொரு இயந்திரத்துக்கும் ஒரு நொண்டல், ஒரு தேய்மானம் உண்டு. ருமேனியாவில் 1983இல் தட்டச்சு இயந்திரம் வைத்திருப்பவர்கள் அதைக் காவல் துறையில் பதிவு செய்து, எழுத்து மாதிரியும் கொடுக்க வேண்டும் என்று சட்டமே போட்டார்கள். இந்த விளையாட்டில் மூலையில் ஒரு தட்டச்சு இயந்திரம் சும்மா அலங்காரத்துக்குக் கிடக்கிறது. எந்தத் தாள் எந்த இயந்திரத்தில் அடித்தது என்று எழுத்து நொண்டலை வைத்துக் கண்டுபிடிக்கச் சொல்லியிருந்தால் எத்தனை அருமையான புதிர் கிடைத்திருக்கும்!

சைக்ளோஸ்டைல் இயந்திரத்துக்கு வருகிறேன். இதற்காக அவர்களை மன்னிக்கலாம். கெஸ்டெட்னர் நிறுவனத்தின் உண்மையான பழைய இயந்திரம். கைப்பிடியைச் சுற்றினால் உருளை முன்பு கேட்ட அதே சத்தத்துடன் சுற்றுகிறது. மெழுகுத் தாளை ரிப்பன் இல்லாமல் தட்டச்சில் அடித்து, தப்பாக விழுந்த எழுத்தின் மேல் சிவப்புத் திரவத்தைத் தடவி, அது காயும்வரை வாயால் ஊதி, பிறகு உருளையில் சுற்றுவோம். நகப்பூச்சு வாசனை அடிக்கும். இங்கே மை இல்லை, மெழுகுத் தாளும் இல்லை. கைப்பிடியைச் சரியான எண்ணிக்கையில் சுற்றினால் ஒரு வெற்றுத் தாள் வெளியே வருகிறது. அதன்மேல் ஊதா விளக்கைக் காட்டினால் எழுத்து தெரிகிறது. அது பரவாயில்லை. ஒரு தோழி சுற்றும்போது, "இதை எத்தனை தடவை சுற்ற வேண்டும் தாத்தா?" என்று கேட்டாள். "எத்தனை பிரதி வேண்டுமோ அத்தனை" என்றேன். ஐந்நூறா என்றாள். ஐந்நூறு சுற்றினால் மறுநாள் தோளைத் தூக்க முடியாது என்றேன். அவள் கைப்பிடியை விட்டுவிட்டுத் தன் தோளைப் பிடித்துப் பார்த்துக்கொண்டாள்.

மூன்றாவது அறையைப் பற்றி அதிகம் சொல்ல விரும்பவில்லை. வானொலி நிலையமாம். பொத்தானை அழுத்தியதும் சைரன், சிவப்பு வெளிச்சம், புகை. ஓர் ஆண் குரல் நகரம் விடுதலை அடைந்தது என்று முழங்குகிறது. ஊசியும் திரியும் குடையும் ஒரு தாளுக்காக ஒருவரையொருவர் கண்ணால் தேடிய விளையாட்டு இப்படித் திருவிழா ஒலிபெருக்கியாக முடியலாமா? ஒரு தாள் கடைசியாக ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குப் போவதோடு நிறுத்தியிருந்தால் போதும். புகை வேறு எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை, இரண்டு நாள் இருமல். ஆஸ்துமா உள்ளவர்கள் முன்கூட்டியே சொல்லிவிட்டால் புகையை நிறுத்திவிடுவார்களாம். அதையும் வெளியே வந்த பிறகுதான் சொன்னார்கள்.

நேரம் தாண்டிவிட்டது. சுவரொட்டிக் குழப்பம் தங்கள் தவறு என்று ஒப்புக்கொண்டு அந்த இளைஞர் ஐந்து நிமிடம் கூட்டிக் கொடுத்திருந்தார், அதில் மூன்று நிமிடம் மிச்சம் வைத்து வெளியே வந்தோம். நினைவுக்கு ஆளுக்கொரு துண்டறிக்கை கொடுத்தார்கள். அடியில் நிறுவனத்தின் முகவரியும் கைபேசி எண்ணும் கொட்டை எழுத்தில். நம் நாட்டில் 2024 வரை நடப்பில் இருந்த 1867ஆம் ஆண்டுச் சட்டப்படி, அச்சடித்த புத்தகத்திலும் தாளிலும் அச்சிட்டவர் பெயரும் ஊரும் இருக்க வேண்டியிருந்தது. தலைமறைவுத் துண்டறிக்கையின் முதல் லட்சணமே அந்த வரி இல்லாமல் இருப்பதுதான். இவர்கள் சட்டத்தை மதிக்கும் புரட்சிக்காரர்கள்.

பிறகு அந்த இளைஞர் ஒரு காரியம் செய்தார். சிவப்புப் பேனாவைக் கொண்டுவந்து, "ஐயா, சுவரொட்டிகளைத் திருத்திக் கொடுக்க முடியுமா?" என்று கேட்டார். உட்கார்ந்து நான்கிலும் குறி போட்டேன். கூடவே விதிமுறைத் தாளிலும் பதினோரு பிழை இருந்தது, அதையும் முடித்தேன். பேத்தி கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நின்றாள். பணத்தில் எதுவும் குறைக்கவில்லை, நானும் கேட்கவில்லை. ஒரு காப்பி வாங்கிக் கொடுத்தார், நல்ல காப்பி.

போக நினைப்பவர்களுக்கு: தமிழில் வேண்டும் என்று முன்பே சொல்லுங்கள், இல்லாவிட்டால் ஆங்கிலத்தில்தான் நடத்துவார்கள். நான்கு பேர் சரியான எண்ணிக்கை. ஆறு பேர் போனால் உறை விளையாட்டு குழம்பும் என்று தோன்றுகிறது. வெள்ளெழுத்துக் கண்ணாடி அவசியம், வெளிச்சம் மிகக் குறைவு. அச்சக அறையில் ஒரே ஒரு முக்காலி இருக்கிறது, முழங்கால் வலிக்காரர்கள் அதை முதலிலேயே பிடித்துக்கொள்ளுங்கள். வாகனம் நிறுத்த இடம் இல்லை. ஐந்துக்கு எத்தனை நட்சத்திரம் என்று பேத்தி கேட்கிறாள். உறைகளுக்கும் கெஸ்டெட்னருக்கும் அந்த இளைஞருக்கும் சேர்த்து மூன்றரை. எழுத்துகளைத் திருப்பிச் செய்து வைத்தால் நான்கு.

மணிக்கட்டில் குத்திய காற்புள்ளி மூன்று நாளாகப் போகவில்லை. சோப்புப் போட்டாயிற்று, தேங்காய் எண்ணெய் தடவியாயிற்று. அந்தக் காலத்தில் மண்ணெண்ணெயில் நனைத்த துணியால் ஒரு துடைப்பு, மை போன இடம் தெரியாது. இப்போது வீட்டில் மண்ணெண்ணெய்க்கு எங்கே போவது?